1855 முதலே இருபாலர் பள்ளியா? ஜீலாங் கிராமர் பள்ளி பற்றிய விவாத இழை

2024 மார்ச் 4 – ஒரு வாசகரின் கேள்வி

ஆஸ்திரேலியாவில் விக்டோரியா மாநிலத்திலுள்ள ஜீலாங் கிராமர் பள்ளியைப் பற்றிய ஓர் அறிமுகத்தில், "1855-இல் நிறுவப்பட்ட, ஆங்கிலிக்கத் திருச்சபையைச் சார்ந்த, இருபாலர் பயிலும் தனியார் பள்ளி" என்று படித்தேன். நம் ஊரில் பெண் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்புவதே அரிதாக இருந்த காலம் அது. அங்கே மட்டும் ஆணும் பெண்ணும் ஒரே வகுப்பில் உட்கார்ந்து படித்தார்களா? அந்தப் பக்கம் வசிப்பவர்கள் யாரேனும் விளக்க வேண்டும்.

மார்ச் 4, இரவு

படிக்கவில்லை. அந்த வரியில் உள்ள ஒவ்வொரு தகவலும் தனித்தனியே சரியானது. ஒன்றாகச் சேர்த்துப் படிக்கும்போதுதான் தவறான பொருள் வருகிறது. பள்ளி 1855-இல் தொடங்கியது. இன்று அது இருபாலர் பள்ளி. இந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக அது ஆண்கள் பள்ளியாகவே இருந்தது. 1970களின் தொடக்கத்தில் மேல் வகுப்புகளில் சில மாணவியர் வரத் தொடங்கினர். 1976-இல் ஹெர்மிடேஜ், கிளைட் என்ற இரண்டு பெண்கள் பள்ளிகள் இதனோடு இணைக்கப்பட்ட பிறகே முழுமையான இருபாலர் பள்ளியானது. ஆகவே இருபாலர் பள்ளியாக அதன் வயதைக் கணக்கிட விரும்புபவர்கள் 121 ஆண்டுகளைக் கழித்துக்கொள்ள வேண்டும்.

நான் இந்தப் பள்ளியில் படித்தவனல்லன், இங்கு பணிபுரிந்தவனும் அல்லன். அதற்கு அருகில் நோர்லேன் பகுதியில் பன்னிரண்டு ஆண்டுகளாகக் குடியிருக்கிறேன். வேலைக்குப் போகும் வழியில் அதன் மரங்களையும் மணிக்கூண்டையும் பார்த்துப் பார்த்து, படித்துப் பார்க்கும் ஆசை வந்தது, அவ்வளவே.

மார்ச் 5

"பேராயர் தொடங்கினார் என்றால் அது மிஷன் பள்ளிதானே?" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். நம் ஊர்ப் பொருளில் அப்படிச் சொல்ல முடியாது. பாளையங்கோட்டையிலோ யாழ்ப்பாணத்திலோ ஆங்கிலிக்க மிஷனரிகள் தொடங்கிய பள்ளிகள் ஊர் மக்களுக்காகத் தொடங்கப்பட்டவை. ஜீலாங்கில் மெல்பர்ன் பேராயர் சார்ல்ஸ் பெரியின் ஆதரவோடு தொடங்கிய பள்ளியோ, குடியேறிய ஆங்கிலேயர்கள் தங்கள் மகன்களுக்காக ஏற்படுத்திக்கொண்டது. தங்கம் கிடைத்த காலம். ஆட்டு ரோமம் ஏற்றுமதியாகும் துறைமுகம். பணம் சேர்ந்தது, ஆனால் மகனை இங்கிலாந்துக்கு அனுப்பிப் படிக்க வைத்தால் திரும்ப வருவானா என்ற கவலையும் சேர்ந்தது. பூர்வகுடிகளான வடவுருங் மக்கள் காலங்காலமாக வாழ்ந்த நிலத்தில்தான் இவையெல்லாம் நடந்தன. அந்த மக்களின் பிள்ளைகளை மனத்தில் வைத்து எழுப்பிய பள்ளி அல்ல இது.

'கிராமர்' என்ற சொல்லைப் பார்த்து இலக்கணப் பள்ளி என்று நினைக்க வேண்டாம். இலத்தீன் இலக்கணம் கற்பித்த பழைய இங்கிலாந்துப் பள்ளிகளின் பெயர் அது. கப்பலேறி இங்கே வந்துவிட்டது.

மார்ச் 5, சற்று நேரம் கழித்து

ஒரு திருத்தம். '1855 முதல்' என்று நானும் எழுதிவிட்டேன். 1860-இல் பணமுடையால் பள்ளி மூடப்பட்டு, 1863-இல்தான் மீண்டும் திறந்தது. அப்போது பொறுப்பேற்ற ஜான் பிரேஸ்பிரிட்ஜ் வில்சன் 1895-இல் இறக்கும்வரை, ஏறக்குறைய 32 ஆண்டுகள், தலைமையாசிரியராக இருந்தார். பள்ளியின் உண்மையான தொடக்கம் இவரே என்று எனக்குத் தோன்றுகிறது. இயற்கை ஆய்வில் தீராத ஈடுபாடு கொண்டவர். விடுமுறை கிடைத்தால் போர்ட் பிலிப் விரிகுடாவின் வாய்க்குப் போய்க் கடற்பாசிகளையும் கடற்பஞ்சுகளையும் வாரி எடுத்து வருவார். அவர் சேகரித்தவை அறிவியலாளர்களின் ஆய்வுக்குப் பயன்பட்டன. திங்கள்கிழமை காலையில் அவர் கோட்டிலிருந்து எப்படி மணம் வீசியிருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன்.

மார்ச் 7

எங்கள் பகுதியைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். 1914-இல், பிரான்சிஸ் பிரவுன் தலைமையாசிரியராக இருந்தபோது, பள்ளி ஜீலாங் நகர நடுவிலிருந்து வடக்கே கோரியோ விரிகுடாவின் கரைக்கு மாறியது. நகரத்தின் சந்தடியிலிருந்து விலகி, எல்லோரும் விடுதியில் தங்கும் தனி உலகமாக இருக்க வேண்டும் என்பது நோக்கம். அந்தத் தனி உலகத்தைச் சுற்றி இன்று இருப்பவை எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையும் சரக்குக் கிடங்குகளும் அரசு கட்டிய சிறு வீடுகளும். நாட்டிலேயே மிக அதிகமாகக் கட்டணம் வாங்கும் பள்ளிகளில் ஒன்று, மாநிலத்தின் மிக ஏழ்மையான குடியிருப்புகளுக்கு நடுவில் இருக்கிறது. இரவுப் பணி முடிந்து திரும்பும்போது ஒரு பக்கம் ஆலையின் தீச்சுடர் தெரியும், மறு பக்கம் விளையாட்டுத் திடலின் புல் பனியில் வெளுத்திருக்கும்.

மார்ச் 8

நேற்று எழுதியதைப் படித்த நண்பர் ஒருவர், "ஏழைகளின் நடுவில் பணக்காரப் பள்ளியைக் கொண்டுபோய் வைத்தார்கள் என்று நீர் சொல்வதுபோல் இருக்கிறதே" என்றார். நியாயமான குறை. முதலில் வந்தது பள்ளி. ஃபோர்டு கார் ஆலை 1925-இலும் ஷெல் நிறுவனத்தின் சுத்திகரிப்பு ஆலை 1954-இலும் வந்தன. அந்த வேலைகளுக்கு வந்தவர்களுக்காகவே இரண்டாம் உலகப் போருக்குப் பின் நோர்லேனிலும் கோரியோவிலும் வீட்டு வசதி ஆணையம் வீடுகளைக் கட்டியது. ஃபோர்டு 2016-இல் உற்பத்தியை நிறுத்தியது. நான் வந்தபோது என் தெருவில் மூன்று பேர் அங்கே வேலை பார்த்தார்கள். இப்போது ஒருவரும் இல்லை. பள்ளி நகரவில்லை, ஊர்தான் அதைத் தேடி வந்து, பிறகு வேலையை இழந்தது.

மார்ச் 11

இளவரசர் சார்ல்ஸ் படித்த பள்ளியா என்று மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். ஆம், 1966-இல் இரண்டு பருவங்கள். ஆனால் கோரியோவில் அல்ல, டிம்பர்டாப்பில்.

டிம்பர்டாப் என்பது மேன்ஸ்ஃபீல்ட் என்ற ஊருக்கு அருகில் மலையடிவாரத்தில் இருக்கும் கிளை வளாகம். 1930 முதல் 1961 வரை தலைமையாசிரியராக இருந்த ஜேம்ஸ் டார்லிங் அதை 1953-இல் தொடங்கினார். ஒன்பதாம் வகுப்பு முழுவதும், அதாவது பதினான்கு பதினைந்து வயதில் ஓராண்டு முழுதும், பிள்ளைகள் அங்கே சிறு சிறு குடில்களில் வாழ்கிறார்கள். குளிக்க வெந்நீர் வேண்டுமானால் அவர்களே விறகு பிளந்து கொதிகலனில் போட வேண்டும். வார இறுதிகளில் மூட்டையைச் சுமந்துகொண்டு மலையேற வேண்டும். கைப்பேசி கிடையாது, வீட்டுக்குக் கடிதம் எழுத வேண்டும். விறகு பிளக்க மறந்தால் தண்டனை எதுவும் தேவையில்லை. மறுநாள் குளிர்ந்த நீரே அந்த வேலையைச் செய்துவிடும்.

இதை என் அம்மாவிடம் தொலைபேசியில் சொன்னேன். "இதுக்கா பணம் கட்டுறாங்க? நம்ம தாத்தா காலத்துல எல்லாரும் இப்படித்தானே இருந்தோம்" என்றார். பதில் சொல்ல எனக்கு நேரமாயிற்று. வறுமையால் விறகு பிளப்பதும் கல்விக்காக விறகு பிளப்பதும் ஒரே செயல் அல்ல. முன்னதிலிருந்து வெளியேறும் தேதி எவருக்கும் தெரியாது, பின்னதில் டிசம்பரில் பெற்றோர் கார் கொண்டு வருவார்கள். ஆனாலும் டார்லிங்கின் யோசனையை ஏளனம் செய்ய எனக்கு மனம் வரவில்லை. வசதியானவர்களின் மகன்கள் ஒரு வருடமாவது தங்கள் வெந்நீருக்குத் தாங்களே பொறுப்பாக இருக்க வேண்டும் என்று 1953-இல் ஒருவர் நினைத்ததும், பெற்றோரை அதற்கு ஒப்புக்கொள்ள வைத்ததும் எளிதான செயல்கள் அல்ல.

மார்ச் 11, பின்குறிப்பு

"இளவரசரும் விறகு பிளந்தாரா?" என்ற கேள்விக்கு: பிளந்தார். அவர் ஒன்பதாம் வகுப்பு மாணவராக வரவில்லை. பதினேழு வயதில் மூத்த மாணவராக வந்தார். பின்னாளில் இங்கிலாந்துத் திருச்சபையின் தலைமைப் பொறுப்பும் ஆஸ்திரேலியாவின் முடியும் சேர்ந்து கிடைக்கவிருந்தவர் ஓர் ஆங்கிலிக்கப் பள்ளியின் கொதிகலனுக்கு விறகு வெட்டினார் என்பதைவிட, அப்போது அந்த மலையில் ஒரு மாணவிகூட இல்லை என்பதே இந்த இழைக்குப் பொருத்தமான செய்தி.

மார்ச் 14

டார்லிங்கைப் பற்றி இன்னொன்று சொல்லாமல் விட முடியாது. 1940-இல் பிரிட்டன் தன் நாட்டிலிருந்த ஜெர்மானியர்களையும் ஆஸ்திரியர்களையும் 'பகை நாட்டவர்' என்று பிடித்து, டுனேரா என்ற கப்பலில் ஏற்றி ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பியது. ஹிட்லரிடமிருந்து தப்பி ஓடிவந்த யூதர்கள்தாம் அவர்களுள் பெரும்பாலோர். பௌஹவுஸ் கலைப்பள்ளியில் பயின்ற லுட்விக் ஹிர்ஷ்ஃபெல்ட்-மாக் என்ற ஓவியரும் அந்தக் கப்பலில் வந்து முள்வேலி முகாமில் இருந்தார். டார்லிங் முயன்று, 1942-இல் அவரை விடுவித்துத் தம் பள்ளிக்கு ஓவிய ஆசிரியராக அழைத்துக்கொண்டார். 1957 வரை அவர் அங்கே கற்பித்தார். பௌஹவுஸ் மரபு ஆஸ்திரேலிய வகுப்பறைக்குள் நுழைந்த வழிகளில் இது ஒன்று. வண்ணக் குறிகளைப் பார்த்தே இசைக்கக்கூடிய எளிய கம்பிக் கருவிகளையும் அவர் செய்தார். இசை தெரியாத பிள்ளையும் மற்றவர்களோடு சேர்ந்து வாசிக்கலாம்.

போர் நடந்துகொண்டிருக்கும்போது, பகை நாட்டவர் என்று அரசு அடைத்து வைத்த ஒருவரைத் தங்கள் மகன்களுக்கு ஆசிரியராக்கியதைப் பெற்றோர் எத்தனை பேர் விரும்பியிருப்பார்கள் என்று யோசித்துப் பார்க்கலாம். வரலாற்றாசிரியர் மேனிங் கிளார்க்கும் 1940களின் முதற்பாதியில் அங்கே கற்பித்தவர். ஊடக முதலாளி ரூப்பர்ட் மர்டோக் டார்லிங்கின் காலத்து மாணவர். ஆஸ்திரேலியப் பிரதமராக இருந்த ஜான் கோர்ட்டனும் இந்தப் பள்ளியின் பழைய மாணவர்.

மார்ச் 15

பெரிய மனிதர்களின் பட்டியலைக் கேட்டு ஒருவர் எழுதியிருக்கிறார். போட மாட்டேன். அத்தகைய பட்டியல் பள்ளியைப் பற்றிச் சொல்வதைவிடப் பெற்றோரின் வங்கிக் கணக்கைப் பற்றித்தான் அதிகம் சொல்லும்.

மார்ச் 19

முதல் கேள்விக்குத் திரும்புகிறேன். என் முதல் பதில் எனக்கே போதவில்லை.

'இணைக்கப்பட்டன' என்று ஒரே சொல்லில் கடந்துவிட்டேன். ஹெர்மிடேஜ் என்பது ஆங்கிலிக்கத் திருச்சபை 1906-இல் ஜீலாங்கின் நியூடவுன் பகுதியில், ஆர்மிடேஜ் என்ற செல்வந்தக் குடும்பத்தின் மாளிகையில் தொடங்கிய பெண்கள் பள்ளி. கிளைட் பள்ளியை 1910-இல் இசபெல் ஹெண்டர்சன் என்ற கல்வியாளர் மெல்பர்னின் செயின்ட் கில்டாவில் தொடங்கினார். 1919-இல் அது வுட்எண்ட் என்ற மலைப்பாங்கான ஊருக்கு மாறியது. இரண்டுக்கும் தனித்தனிச் சீருடை, தனித்தனிப் பாடல், தனித்தனிப் பிடிவாதம். 1976-இல் மூன்று பள்ளிகள் ஒன்றாயின. ஒரு பெயர் மட்டும் மிஞ்சியது.

எனக்கு உடனே நினைவுக்கு வந்தது எங்கள் தென்னிந்தியத் திருச்சபை. 1947 செப்டம்பரில் ஆங்கிலிக்கர், மெதடிஸ்டுகள், பிரெஸ்பிட்டேரியர், காங்கிரிகேஷனல் சபையார் ஆகியோர் சென்னையில் கூடி இணைந்தபோது எல்லோரும் தத்தம் பெயரை விட்டுவிட்டுப் புதுப் பெயர் ஒன்றை ஏற்றார்கள். அந்த இணைப்பிலும் சண்டைகள் இருந்தன, எங்கள் ஊர்ப் பெரியவர்கள் சாகும்வரை பழைய மிஷன் சங்கங்களின் பெயரைச் சொல்லி "நாங்க சி.எம்.எஸ்., அவங்க எஸ்.பி.ஜி." என்று பிரித்துத்தான் பேசினார்கள். ஆனால் பெயர்ப்பலகையில் யாரும் தோற்கவில்லை. ஜீலாங்கில் ஆண்கள் பள்ளி தன் பெயரையும் நிறுவிய ஆண்டையும் இடத்தையும் வைத்துக்கொண்டது. பெண்கள் பள்ளிகள் தங்கள் மாணவியரைக் கொண்டுவந்து சேர்த்தன. அதனால்தான் அறிமுக வரியில் 1855 மட்டும் இருக்கிறது. 1906, 1910 இரண்டும் அதில் இல்லை.

மார்ச் 20

நேற்று இரவு எழுதியதில் கோபம் அதிகம். அலுவலகத்தில் என்னோடு பணிபுரியும் அம்மையார் ஒருவர் ஹெர்மிடேஜின் கடைசிக் காலத்து மாணவி. தேநீர் இடைவேளையில் அவரிடம் இதைச் சொன்னேன். அவர் சிரித்துவிட்டு, "எங்களுக்கு நல்ல இயற்பியல் ஆய்வகம் வேண்டியிருந்தது, அது அங்கே இருந்தது" என்றார். பெயர் போனது அவருடைய அம்மாவுக்குத்தான் வருத்தமாம். அம்மாவும் அதே பள்ளியில் படித்தவர். மகளுக்கு டிம்பர்டாப்புக்குப் போக முடியாத வயதாகிவிட்டது என்பதே குறை.

கணக்கும் ஒன்று உண்டு. 1970களின் பணவீக்கத்தையும் அதற்குச் சற்று முன் நிகழ்ந்த ஆட்டு ரோம விலைச் சரிவையும் சேர்த்துப் பார்த்தால், பண்ணைக் குடும்பங்களின் பிள்ளைகளை நம்பியிருந்த சிறிய விடுதிப் பள்ளிகள் தனியே நிற்பது கடினம். இணையாமல் இருந்திருந்தால் ஹெர்மிடேஜ் என்ற பெயர் இன்று ஒரு பலகையில்கூட இருந்திருக்காது. இப்போது கோரியோவில் மாணவியர் விடுதி ஒன்றுக்கு ஹெர்மிடேஜ் என்றும் இன்னொன்றுக்குக் கிளைட் என்றும் பெயர். பள்ளியாக இருந்தவை விடுதிகளாகச் சுருங்கின என்றும் சொல்லலாம், தப்பிப் பிழைத்தன என்றும் சொல்லலாம். நான் நேற்று முதலாவதைச் சொன்னேன்; இன்று இரண்டாவதின் பக்கம் பாதி நகர்ந்திருக்கிறேன்.

மார்ச் 22

சுற்றுலா போன பள்ளி மாணவியர் பாறை மலையில் மறைந்துபோகும் புகழ்பெற்ற ஆஸ்திரேலிய நாவலின் பள்ளி, வுட்எண்டிலிருந்த கிளைட்தானா என்று கேட்டவருக்கு: அந்த நாவலாசிரியை கிளைடில் படித்தவர் என்பது உண்மை. ஆனால் அவர் படித்தபோது பள்ளி செயின்ட் கில்டாவில், மெல்பர்னுக்குள் இருந்தது. பாறை மலைக்கு அருகில் பள்ளி போனது அவர் படிப்பு முடிந்த பிறகு. கதையில் வருவது கற்பனைப் பள்ளி. அதில் காணாமல் போனவர்களைத் தேடுகிற ஆர்வத்தில் நூற்றிலொரு பங்கு, 1976-இல் உண்மையிலேயே காணாமல் போன பள்ளியைத் தேடுவதில் இருந்தால் நன்றாக இருக்கும்.

மார்ச் 26

இன்றைய பள்ளி வாழ்க்கையில் ஆங்கிலிக்கம் எவ்வளவு மிச்சமிருக்கிறது என்ற கேள்விக்குச் சுருக்கமாகச் சொல்ல முடியாது. கோரியோ வளாகத்தின் நடுவில் அனைத்துப் புனிதர் சிற்றாலயம் 1915 முதல் இருக்கிறது. மாணவர்கள் எந்த மதத்தவராக இருந்தாலும் அங்கு நடக்கும் வழிபாடுகளுக்குப் போகிறார்கள். பள்ளியின் இலத்தீன் இலக்கு வாசகம், கிறிஸ்து நமக்கு ஞானமானார் என்ற பொருளுடையது. கொரிந்தியருக்கு எழுதிய முதல் நிருபத்தின் முதல் அதிகாரத்திலிருந்து எடுத்தது. ஞாயிறு பள்ளியில் மனப்பாடம் செய்த வசனத்தை ஓர் அந்நிய நாட்டுப் பள்ளியின் சின்னத்தில் அடையாளம் கண்டபோது எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சி சிறுபிள்ளைத்தனமானது, ஆனாலும் மகிழ்ச்சி.

ஆனால் 2008-இல் இதே பள்ளி, அமெரிக்க உளவியலாளர் மார்ட்டின் செலிக்மனையும் அவர் குழுவையும் வரவழைத்து, 'நேர்மறைக் கல்வி' என்ற பெயரில் மனநலத்தைப் பாடத்திட்டத்துக்குள் கொண்டுவந்தது; ஆசிரியர்களுக்கே முதலில் பயிற்சி கொடுத்தார்கள். பின்னர் உலகின் பல பள்ளிகள் இதை எடுத்துக்கொண்டன. பவுல் அப்போஸ்தலர் சொன்ன ஞானமும் செலிக்மன் சொல்லும் மனநலமும் ஒரே வளாகத்தில் எப்படிப் பேசிக்கொள்கின்றன என்பதை உள்ளே இருப்பவர்கள்தாம் சொல்ல வேண்டும்.

மார்ச் 27

"நல்லதை மட்டும் எழுதுகிறீர்" என்ற கண்டனம் வந்திருக்கிறது. சிறுவர் மீதான பாலியல் கொடுமைகளுக்கு நிறுவனங்கள் காட்டிய எதிர்வினையை ஆராய்ந்த ஆஸ்திரேலிய அரச ஆணையம், 2015-இல் இந்தப் பள்ளியைப் பற்றியும் பகிரங்க விசாரணை நடத்தியது. பழைய மாணவர்கள் வந்து சாட்சியம் அளித்தார்கள். பிள்ளைகள் இரவும் பகலும் பெரியவர்களின் கையில் இருக்கும் 'தனி உலகம்' என்று மார்ச் 7-இல் எழுதினேனே, அந்தச் சொல்லை அந்தச் சாட்சியங்களுக்குப் பிறகு அவ்வளவு எளிதாக எழுதியிருக்கக் கூடாது.

ஏப்ரல் 2

இருபாலர் கல்வியைப் பற்றி ஒரு கடைசித் தேதி. 2018-இல் ரெபெக்கா கோடி முதல்வரானார். அந்தப் பொறுப்புக்கு வந்த முதல் பெண். இணைப்புக்குப் பின் 42 ஆண்டுகள் ஆகியிருந்தன. இணைப்பை நடத்திவைத்த தலைமையாசிரியர் சார்ல்ஸ் ஃபிஷர், கான்டர்பரி பேராயராக இருந்த ஜெஃப்ரி ஃபிஷரின் மகன். இரண்டே ஆண்டுகளில், 1978-இல், கார் விபத்தில் இறந்தார். தாம் சேர்த்துவைத்த பள்ளியில் முதல் வகுப்பிலிருந்து கடைசி வகுப்புவரை படித்து முடித்த மாணவியை அவர் பார்க்கவில்லை.

ஏப்ரல் 7

சனிக்கிழமை, ஹெர்மிடேஜில் படித்த அந்த அலுவலக அம்மையார் தம் அம்மாவை அழைத்துக்கொண்டு நியூடவுன் போக வேண்டும் என்றார். அவர் கார் பழுதுபார்க்கும் இடத்தில் இருந்ததால் நான் ஓட்டிச் சென்றேன். பேக்கிங்டன் தெருவில் பழைய மாளிகை நன்றாகவே நிற்கிறது. பள்ளியாக இருந்தபோது இடைவேளை மணி அடித்த இடம் எது, ஆண்கள் பள்ளியின் படகுப் போட்டி நாளில் எங்கே நின்று கத்தினார்கள் என்றெல்லாம் அவருடைய அம்மா சொல்லிக்கொண்டே வந்தார். உள்ளே போகவில்லை. நடைபாதையில் நின்று, மாடியில் இடப்பக்கமிருந்து மூன்றாவது சன்னலைக் காட்டி, அதற்குப் பின்னால்தான் தாம் பிரெஞ்சு வினைச்சொற்களைத் தவறாக எழுதியதாகச் சொன்னார். 1855 பற்றிய அறிமுக வரியை அவருக்குப் படித்துக் காட்டினேன். "அவர்கள் எப்போதும் அப்படித்தான்" என்றார், அதிகக் கோபமில்லாமல்.

ஏப்ரல் 8

திருத்தம். மகள் நேற்றைய குறிப்பை அம்மாவுக்கு மொழிபெயர்த்துச் சொல்லியிருக்கிறார். நான்காவது சன்னலாம்.